முதுகின் கோணலும் கைப்பேசியின் கணக்கும்

நமது மாவட்டத்துச் சங்கங்களுக்கு ஆய்வின் பொருட்டுச் செல்லுமிடங்களில், கணக்குப் புத்தகங்களோடு யாதொரு சம்பந்தமுமில்லாத ஒரு கேள்வி சில காலமாக நம்மிடம் கேட்கப்பட்டு வருகிறது. பிள்ளைகளின் முதுகெலும்பு நேராக இருக்கிறதா, பக்கவாட்டில் கோணியிருக்கிறதா என்பதை அளந்து காட்டும் செயலிகள் கைப்பேசியில் வந்திருக்கின்றன. அவற்றுள் ஒன்றை இறக்கிக்கொண்ட அங்கத்தினர், அது திங்கட்கிழமை காட்டிய எண்ணைச் செவ்வாய்க்கிழமை காட்டுவதில்லை என்கிறார். இன்னொருவருக்கு அது எப்போதும் ஒரே எண்ணில் அசையாது நிற்கிறது. வேறொருவர் அதை மேஜையின்மேல் வைத்தபோது மேஜைக்கே கூன் இருப்பதாகக் காட்டியதாம்! சின்னாளபட்டியில் தறிக்காரரும், நிலக்கோட்டைப் பக்கத்தில் மல்லிகை பயிரிடுவோரும் ஒரே விதமாக இதைக் கேட்டமையால், சற்று விரிவாகவே எழுத முற்பட்டோம்.

நாம் வைத்தியரல்லோம். ஆயினும், அளவுக் கருவி ஒன்று எவ்விதம் பிழைபடும், அப்பிழையை எவ்விதம் கண்டுகொள்வது என்பது தராசையும் படிக்கல்லையும் சோதித்துப் பழகிய எவர்க்கும் விளங்கக்கூடிய சங்கதியே. இச்செயலியும் ஒரு தராசைப் போன்றதுதான். தராசு சரியில்லை என்பதற்காக மூட்டையில் பஞ்சே இல்லை என்று எவரும் சொல்வதில்லை. ஆனால் கைப்பேசி விஷயத்தில் அப்படிச் சொல்லிவிடுகிறார்கள். அதில்தான் அபாயம் இருக்கிறது.

முதலில், அளக்கப்படுவது என்ன என்று பார்ப்போம். பின்புறமிருந்து நோக்கினால் முதுகெலும்பு கழுத்திலிருந்து இடுப்புவரை தூக்குக்குண்டு விட்டாற்போல் நேராக இருக்கவேண்டும். சில பிள்ளைகளுக்கு அது ஒரு பக்கமாக வளைந்துவிடுகிறது. டாக்டர்கள் இதை ஸ்கோலியோஸிஸ் என்பர். வளைவதோடு நிற்பதில்லை, எலும்புக் கணுக்கள் நூல் முறுக்கேறுவதுபோல் தம் அச்சில் திரும்பவும் செய்கின்றன. கணுக்களோடு விலா எலும்புகளும் திரும்புவதால், பிள்ளை முன்னால் குனியும்போது முதுகின் ஒரு புறம் மேடாகவும் மறுபுறம் தாழ்வாகவும் தெரியும். இந்த ஏற்றத்தாழ்வின் சரிவைத்தான் செயலி அளக்கிறது. முதுகெலும்பின் வளைவை அது நேரடியாக அளப்பதே இல்லை. இவ்வொன்றை மனத்தில் இருத்திக்கொண்டால் பாதிக் குழப்பம் நீங்கிவிடும்.

பத்து வயதுக்கும் வளர்ச்சி முடியும் வயதுக்கும் இடைப்பட்ட பிள்ளைகளில் நூற்றுக்கு 2 அல்லது 3 பேருக்கு இக்கோணல் ஓரளவேனும் காணப்படுகிறது. அவர்களில் பெரும்பாலோருக்கு அது சிறியதாகவே இருந்து, ஒரு தீங்கும் செய்யாது. பெரிதாக வளரும் கோணல் ஆண் பிள்ளைகளைவிடப் பெண் பிள்ளைகளுக்கே மிகுதி. பத்தில் எட்டுப் பேருக்குக் காரணம் இன்னதென்று வைத்திய சாஸ்திரத்தால் சொல்லக்கூடவில்லை. ஆனால் எது காரணமல்ல என்பது தெரிந்திருக்கிறது. புத்தகப் பை சுமந்ததால் இது வருவதில்லை. தறிக்குழியின் ஓரத்தில் அமர்ந்து தாய்க்கு நூல் சுற்றிக் கொடுத்ததாலும் வருவதில்லை. நிமிர்ந்து உட்காரவில்லை என்று பெண்ணைத் திட்டுவதில் பயனில்லை. குடும்பத்தில் ஒருவருக்கு இருந்தால் உடன்பிறந்தாருக்கும் இருக்க இடமுண்டு என்பது மட்டும் உண்மை.

குனியச் சொல்லிப் பார்க்கும் முறை பழையது. லண்டன் நகரத்து அறுவை வைத்தியர் வில்லியம் ஆடம்ஸ் 1865-இல் அதை விவரித்தார். இகுவானோடன் என்னும் புராதனப் பிராணியின் எலும்புகளை ஆராய்ந்து புகழ்பெற்ற கிதியோன் மாண்டெல் 1852-இல் காலமானபின், அவருடைய கோணிய முதுகெலும்பைச் சோதித்தவர் இந்த ஆடம்ஸ்தான். எக்ஸ்ரே படத்தில் வளைவைக் கோணமாக அளக்கும் முறையை நியூயார்க் டாக்டர் ஜான் காப் 1948-இல் வெளியிட்டார். இன்றும் அது காப் கோணம் என்றே வழங்குகிறது. அது 10 டிகிரியோ அதற்கு மேலோ இருந்தால்தான் ஸ்கோலியோஸிஸ் என்று பெயரிடுவர். 1984-இல் வில்லியம் பன்னல் என்ற அமெரிக்க டாக்டர், குனிந்த முதுகின் சரிவை அளக்க ஸ்கோலியோமீட்டர் என்னும் எளிய கருவியைப் பற்றி எழுதினார். வளைந்த குழாயில் திரவமும் ஒரு சிறு குண்டும் இருக்கும். முதுகின்மேல் வைத்தால் குண்டு தாழ்ந்த இடத்துக்கு உருண்டு சென்று டிகிரியைக் காட்டும். கொத்தனாரின் ரசமட்டத்தில் குமிழி மேலே ஏறுகிறது. இதில் குண்டு கீழே இறங்குகிறது. வேறுபாடு அவ்வளவே.

கைப்பேசியில் குண்டும் இல்லை, குழாயும் இல்லை. அதனுள் அரிசிமணியளவு சில்லு ஒன்று இருக்கிறது. அச்சில்லில், கண்ணுக்குத் தெரியாத சிலிக்கன் துண்டு ஒன்று நுண்ணிய வில்களில் தொங்குகிறது. பூமியின் ஈர்ப்பு அதை இழுக்கும் திசையைக் கொண்டு, கைப்பேசி எவ்வளவு சாய்ந்திருக்கிறது என்பதை அது கணக்கிடுகிறது. படத்தை நிமிர்த்தியும் படுக்கையாகவும் திருப்பிக் காட்டுவது இதே சில்லின் வேலைதான். ஆகவே செயலிக்குத் தெரிந்தது கைப்பேசியின் சாய்வு ஒன்றே. கைப்பேசி முதுகின்மேல் இருக்கிறதா, மூட்டையின்மேல் இருக்கிறதா என்பதை அது அறியாது. கை நடுங்கினால் அந்த நடுக்கத்தையும் சாய்வென்றே கணக்கில் சேர்த்துக்கொள்ளும். ஆதலால் கைப்பேசியை வைத்த பின் எண் ஓடி அடங்கும்வரை மூச்சுவிடும் நேரம் பொறுத்துத்தான் படிக்கவேண்டும்.

2012-இல் ஆஸ்திரேலியாவின் பிரிஸ்பேன் நகர ஆராய்ச்சியாளர்கள், உறை பொருத்திய ஐபோன் ஒன்றையும் ஸ்கோலியோமீட்டரையும், கோணல் உள்ளவர்களின் உடலை அச்செடுத்து வார்த்த ஒரே பிளாஸ்டர் உருவங்களின்மீது வைத்து ஒப்பிட்டபோது பெரிய வேறுபாடு காணப்படவில்லை. எனவே கைப்பேசி அளக்கத் தகுதியற்றது என்று ஒதுக்க நியாயமில்லை. எண் தாறுமாறாக வருமானால் காரணம் மூன்றில் ஒன்றாக இருக்கும்: கைப்பேசியின் பூஜ்யம் தவறியிருக்கலாம், கைப்பேசி முதுகில் படிந்து நில்லாமல் ஆடலாம், பிள்ளை நின்ற நிலை சரியில்லாதிருக்கலாம்.

பூஜ்யத்தைச் சோதிக்கும் வழியைத் தட்டுத் தராசு பார்த்த விவசாயி ஏற்கெனவே அறிவார். சரக்கையும் படிக்கல்லையும் தட்டு மாற்றி வைத்தால் கள்ளத் தராசு தன்னைத்தானே காட்டிக்கொடுத்துவிடும். கைப்பேசியிலும் அப்படியே. இச்செயலிகளில் கைப்பேசியைப் படுக்கையாகத் திருப்பி, நீண்ட ஓரத்தை முதுகின் குறுக்கே வைப்பது வழக்கம். அதேபோல் நீண்ட ஓரம் கீழே இருக்கும்படி மேஜைமேல் நிறுத்தி, பின்னால் ஒரு தடித்த புத்தகத்தைத் துணைகொடுத்து, எண்ணைக் குறித்துக்கொள்ளுங்கள். பிறகு அதே இடத்தில், அதே ஓரம் கீழே இருக்க, திரை எதிர்ப்புறம் பார்க்கும்படி அரைவட்டம் திருப்பி வைத்து, மேஜையின் மறுபக்கம் சென்று படியுங்கள்.

முதல் முறை வலப்பக்கம் 3 டிகிரி என்றும், திருப்பியபின் இடப்பக்கம் 3 டிகிரி என்றும் காட்டினால், கைப்பேசியிடம் குற்றமில்லை. மேஜைதான் 3 டிகிரி சரிந்திருக்கிறது. முதலில் வலம் 3, திருப்பியபின் இடம் 1 என்று வந்தால், கைப்பேசியின் பிழை வலப்பக்கம் 1 டிகிரி. மேஜையின் சரிவு 2 டிகிரி. வலத்தைக் கூட்டலாகவும் இடத்தைக் கழித்தலாகவும் கொண்டு, இரண்டையும் சேர்த்துப் பாதியாக்கினால் பிழை கிடைக்கும். மூன்றிலிருந்து ஒன்றைக் கழித்தால் இரண்டு. அதில் பாதி ஒன்று. இவ்வளவுதான் கணக்கு.

பிழை 1 டிகிரிக்கு உட்பட்டிருந்தால் அப்படியே விட்டுவிடலாம். கூடுதலாக இருந்தால் செயலியில் பூஜ்யம் திருத்தும் பொத்தான் இருக்கும். அதைக் கண்ட இடத்தில் அழுத்துவதே பெரும்பாலான தொல்லைகளுக்கு மூலம். சரிந்த மேஜையின்மேல் வைத்து அழுத்தினால், மேஜையின் சரிவு கைப்பேசிக்குள் எழுதப்பட்டுவிடும். அதன்பின் எல்லா முதுகுக்கும் அந்தச் சரிவு வந்து சேரும். மேஜைக்குக் கூன் காட்டிய கைப்பேசியின் கதை பெரும்பாலும் இவ்விரண்டில் ஒன்றாகவே இருக்கும். முறை இதுதான்: மேஜையின் ஒரு பக்கத்தில் கைப்பேசிக்கு அடியில் காகிதத்தை மடித்து வையுங்கள், இரு புறமும் திருப்பிப் படித்தாலும் ஒரே பக்கத்தில் ஒரே எண் வரும்வரை மடிப்பைக் கூட்டியோ குறைத்தோ பாருங்கள். அப்படி வந்துவிட்டால் அந்த இடம் சமமட்டமாகிவிட்டது என்று பொருள். அப்போது பொத்தானை அழுத்தலாம்.

அடுத்தது, படிந்து நிற்பது. கைப்பேசியின் ஒரு நீண்ட ஓரத்தில் ஒலியைக் கூட்டிக் குறைக்கும் பொத்தான்கள் புடைத்திருக்கும். அந்த ஓரத்தைக் கீழே வைத்தால் கைப்பேசி கல்லில் ஏறிய வண்டிச் சக்கரம்போல் ஒரு பக்கம் தூக்கி நிற்கும். பொத்தானில்லாத ஓரத்தையே உபயோகிக்கவேண்டும். இரு ஓரங்களிலும் பொத்தானிருந்தால், அவற்றை மூடி மட்டமாக்கும் தடித்த உறையைப் போட்டுக்கொண்டு, உறையோடு பூஜ்யத்தைச் சோதிக்கவேண்டும். ஓரத்தை மாற்றிய பிறகு திரை தலைகீழாகத் தெரிந்தால், திரை தானே திரும்பும் வசதி அணைக்கப்பட்டிருக்கிறதா என்று பார்க்கவேண்டும்.

இதைவிட முக்கியமான குறை ஒன்றுண்டு. குனிந்த முதுகின் நடுவில் முதுகெலும்பின் கணுக்கள் வரப்புபோல் உயர்ந்திருக்கும். ஸ்கோலியோமீட்டரின் அடியில், இவ்வரப்புக்கு இடம்விட்டு ஒரு பள்ளம் வெட்டியிருப்பார்கள். கைப்பேசியின் ஓரமோ நேரானது. வரப்பின்மேல் ஏறி, ஏற்றப்பலகைபோல் இருபுறமும் ஆடும். ஒரே பிள்ளைக்கு ஒரே நிமிஷத்தில் 4-ம் 9-ம் வருவது இதனாலேயே. இதற்கென விற்கப்படும் உறைகளைத் தேடி அலையவேண்டியதில்லை. இரு கைகளாலும் கைப்பேசியின் இரு முனைகளைப் பிடித்து, கட்டைவிரல் ஒவ்வொன்றையும் ஓரத்துக்கு அடியில், நடுவரப்பிலிருந்து சம தூரத்தில் வையுங்கள். கட்டைவிரல்கள் தோலில் படியட்டும்; கைப்பேசி கட்டைவிரல்கள்மேல் படியட்டும். அழுத்தவேண்டாம். ஜக்கார்டு தறி வைத்திருக்கும் வீட்டில் கழித்த அட்டைகள் கிடக்கும். அவற்றை நாலைந்தாக அடுக்கி ஒட்டி, நடுவில் இரு விரல் அகலத்துக்குப் பள்ளம் வெட்டி, கைப்பேசியின் ஓரத்தில் பொருத்தினாலும் தகும். இரு கால்களும் ஒரே உயரமா என்பதை, முன்சொன்ன திருப்பு முறையால் அட்டையோடு சேர்த்தே பார்த்துக்கொள்ளவேண்டும்.

மூன்றாவது, பிள்ளையின் நிலை. பாதங்கள் சேர்ந்திருக்க, முழங்கால் மடங்காமல், இரு உள்ளங்கைகளையும் சேர்த்துத் தொங்கவிட்டு, மெதுவாகக் குனியவேண்டும். அளப்பவர் பிள்ளைக்குப் பின்னால் அமர்ந்து, தம் கண்களை முதுகின் மட்டத்துக்குக் கொண்டுவரவேண்டும். மேல்முதுகு தரைக்கு இணையாக வந்ததும் அங்கே ஒரு முறை. இன்னும் குனியவிட்டு நடுமுதுகில் ஒரு முறை. மேலும் குனிந்ததும் இடுப்புப் பகுதியில் ஒரு முறை. மேடு எங்கு மிகுதியோ அந்த எண்ணே கணக்கு. தளர்ந்த சட்டைமேல் வைத்து அளப்பது வீண்வேலை.

நம் வீடுகளில் திண்ணையும் வாசலும் மழைத்தண்ணீர் வடிய வாட்டம்விட்டுக் கட்டப்பட்டவை. வாட்டத்தில் குறுக்காக நின்ற பிள்ளைக்கு ஒரு கால் குட்டையானதுபோல் ஆகும், இடுப்பு சரியும், அதோடு முதுகும் சரியும். வீட்டின் உட்கூடத்திலேயே நிறுத்தவேண்டும். மெய்யாகவே ஒரு கால் சற்றுக் குட்டையாக உள்ள பிள்ளைகளும் உண்டு. ஆகையால் மேடு தென்பட்டால், முக்காலியில் உட்காரவைத்துக் குனியச் சொல்லி இன்னொரு முறை பாருங்கள். உட்கார்ந்தபோது மேடு மறைந்துவிட்டால், கோளாறு கால் நீளத்தில் இருக்கக்கூடும். அதையும் டாக்டரிடம் சொல்லவேண்டியதே.

ஒவ்வொரு அளவுக்குப் பின்னும் கைப்பேசியை எடுத்துவிட்டு, பிள்ளையை நிமிரச் செய்து, மீண்டும் குனியவைத்து, மூன்று முறை அளப்பது நல்லது. மூன்றும் 2 டிகிரிக்குள் அடங்கினால் நம்பலாம். அடங்காவிட்டால் மேற்சொன்ன மூன்று காரணங்களையும் முதலிலிருந்து தேடவேண்டும். எண்ணை நினைவில் வைக்கும் பழக்கம் வேண்டாம். தேதி, இடம், பக்கம், டிகிரி, எந்தக் கைப்பேசி என்பவற்றைச் சங்கத்தின் தினசரிக் குறிப்பேடுபோல் ஒரு நோட்டில் எழுதிவரவேண்டும். கைப்பேசி மாறினால் கணக்கும் புதிதாகத் தொடங்கும்.

இனி, இக்கட்டுரையை எழுதத் தூண்டிய ஒரு வீட்டைப் பற்றிச் சொல்லலாம். சின்னாளபட்டிக்கு அருகில் ஒரு நெசவாளர் சங்கத்து அங்கத்தினர், பெயர் வேண்டாம். அவருடைய மகளுக்கு 12 வயது. பள்ளிச் சட்டையின் ஒரு தோள் எப்போதும் இறங்கி நிற்பதைத் தாய் கவனித்திருக்கிறார். உறவினரான ஒரு கல்லூரி மாணவர் செயலியை இறக்கிக் கொடுத்தார். முதல் நாள் 9. இரண்டாம் நாள் 4. மூன்றாம் நாள் 12. தகப்பனார் செயலியை அழித்துவிட்டார். "ஐயா, பொய் சொல்வது போனா, என் மகள் முதுகா?" என்று அவர் நம்மைக் கேட்டபோது, போன்தான் என்ற பதிலையே அவர் விரும்பினார் என்பது முகத்தில் தெரிந்தது. பெண்ணுக்குக் கூன் என்று ஊரில் பேச்சானால் பிற்காலத்தில் வரன் வருமா என்ற கவலை அவருக்கு. அக்கவலையை நாம் பரிகசிக்கவில்லை. ஆனால் வளைவுக்கு அதைப்பற்றி என்ன தெரியும்? பெண் வளரும்வரை அதுவும் வளரக்கூடும்.

சோதித்துப் பார்த்ததில், கைப்பேசியின் பூஜ்யம் 2 டிகிரி தவறியிருந்தது. பொத்தான் பக்கத்தைக் கீழே வைத்து அளந்திருக்கிறார்கள். அளந்த இடம் வாட்டமுள்ள திண்ணை. மூன்றையும் சரிசெய்து கொடுத்து, தகப்பனாரும் நாமும் வெளியே நிற்க, தாய் உள்ளே அளந்து வந்து சொன்ன எண்கள் 8, 7, 8. அந்த வாரமே திண்டுக்கல்லுக்கு அழைத்துச் சென்றார்கள். எக்ஸ்ரேயில் வளைவு இருப்பது உறுதியாயிற்று. இப்போது பெண் டாக்டரின் மேற்பார்வையில் இருக்கிறாள். போன் பொய் சொன்னது மெய். முதுகு கோணியிருந்ததும் மெய்.

எத்தனை டிகிரியானால் டாக்டரிடம் போவது? பன்னல் முதலில் 5 என்றார். அவ்வெல்லையில் வீணாக அனுப்பப்படும் பிள்ளைகள் அதிகமானமையால், பிற்காலத்தில் 7 என்பது பெருவழக்காயிற்று. நமது யோசனை: 7-ம் அதற்கு மேலும் வந்தால் தாமதிக்கவேண்டாம். 5, 6 என்று வந்தால் சில மாதங்கள் கழித்து மறுபடி அளந்து, ஏறியிருந்தால் போகவேண்டும். வளர்ச்சி வேகமாக உள்ள பிள்ளையானால் அப்போதே காட்டிவிடுவதும் தவறல்ல. செயலியின் 7 டிகிரியை எக்ஸ்ரேயின் 7 டிகிரி என்று எண்ணி, பத்துக்குள்தானே என்று சும்மா இருந்துவிடக்கூடாது. ஒன்று முதுகுப் பரப்பின் சரிவு. மற்றது எலும்பின் வளைவு. முழத்தையும் படியையும் ஒப்பிட முடியாததுபோலவே இவற்றையும் ஒன்றுக்கொன்று மாற்ற வாய்பாடு கிடையாது. செயலியில் குறைந்த எண் வந்தும் எக்ஸ்ரேயில் வளைவு இருக்கும் பிள்ளைகள் உண்டு. தோள்கள் ஏற்றத்தாழ்வாகவும், ஒரு தோள்பட்டை புடைத்தும், இடுப்பின் ஒரு பக்கம் குழிந்தும் தெரிந்தால், எண் எதுவாயினும் காட்டுவதே முறை.

காலத்தின் அருமை இங்கேதான். பெண் பிள்ளைகள் பூப்பெய்துவதற்குச் சற்று முன்னும் பின்னுமாக உயரம் மளமளவென ஏறும் நாட்களில் வளைவும் வேகமாக ஏறும். அமெரிக்காவிலும் கனடாவிலும் நடந்து 2013-இல் வெளிவந்த ஓர் ஆராய்ச்சியில், உடலைச் சுற்றி அணியும் தாங்கு பட்டை போட்ட பிள்ளைகளில் நூற்றுக்கு 72 பேருக்கு வளைவு அறுவை சிகிச்சை எல்லையான 50 டிகிரியை எட்டவில்லை. பட்டை போடாமல் கவனிக்கப்பட்டவர்களில் அப்படி இருந்தவர் 48 பேரே. நாள் ஒன்றுக்கு அதிக மணி நேரம் அணிந்தவர்க்கு அதிகப் பயன் கிட்டியது. வளர்ச்சி நின்றபின் பட்டைக்கு வேலையில்லை. எல்லோருக்கும் பட்டை வேண்டும் என்பதுமில்லை. சிறு வளைவுகளைக் கவனித்து வந்தாலே போதும்.

இதற்காகப் பள்ளிப் பிள்ளைகளையெல்லாம் வரிசையில் நிறுத்தி அளக்கவேண்டுமா என்று ஒரு சங்கத் தலைவர் உற்சாகமாகக் கேட்டார். அதற்கு நாம் உடன்படவில்லை. யாதொரு அறிகுறியுமில்லாத எல்லாப் பிள்ளைகளையும் சோதிப்பதால் நன்மை மிகுதியா, தீமை மிகுதியா என்று தீர்மானிக்கப் போதிய ஆதாரமில்லை என அமெரிக்க அரசின் தடுப்பு வைத்திய நிபுணர் குழு 2018-இல் கூறிற்று. சந்தேகம் தோன்றிய வீட்டிலும், குடும்பத்தில் முன்பே இக்கோணல் உள்ள வீட்டிலும் அளந்தால் போதும். பெண் பிள்ளைகளைத் தாயோ, கிராம சுகாதாரச் செவிலியரோ அளக்கட்டும்.

செயலியைத் தெரிந்தெடுப்பதிலும் எச்சரிக்கை தேவை. சாய்வை மட்டும் அளக்கும் செயலிக்கு உங்கள் தொடர்பு எண்களோ, இருப்பிடமோ, புகைப்படங்களோ தேவையில்லை. கேட்டால் அச்செயலியை நீக்கிவிடுங்கள். சில செயலிகள் முதுகைப் படமெடுத்து அனுப்பச் சொல்கின்றன. அரைகுறை ஆடையில் நிற்கும் பெண் குழந்தையின் படம் எந்த ஊர்க் கணினியில் போய்ச் சேரும், எவர் பார்ப்பார் என்பதை நாம் அறியோம். அத்தகைய செயலியே வேண்டாம். விளம்பரத்தில், வளைவைப் பயிற்சியால் நிமிர்த்தித் தருகிறோம் என்று பணம் கேட்பவர்களைப் பற்றி அதிகம் சொல்லத் தேவையில்லை.

எண் அசையாமல் ஒரே இடத்தில் நிற்கிறது என்ற புகாருக்குத் தனியே ஒரு வார்த்தை. பல செயலிகளில் திரையைத் தொட்டால் எண் பூட்டிக்கொள்ளும். மறுபடி தொட்டால் விடுபடும். விடுபடாவிட்டால் செயலியை முற்றிலும் மூடித் திறக்கவேண்டும். பிறகும் அசையாவிட்டால், கைப்பேசியில் படம் தானே திரும்புகிறதா என்று பாருங்கள். திரும்பினால் சில்லு பிழைத்திருக்கிறது, செயலிதான் பழுது, வேறொன்றை இறக்கலாம். திரும்பும் வசதி இயங்கும் நிலையிலிருந்தும் படம் திரும்பவில்லையென்றால், சில்லே பழுதாகியிருக்கக்கூடும். அக்கைப்பேசியால் அளக்க முற்படவேண்டாம். விலை குறைந்த கைப்பேசிகள் சிலவற்றில், சுழற்சியை உணரும் இன்னொரு சில்லான கைரோஸ்கோப் இருப்பதில்லை. அதை வேண்டும் செயலிகள் அவற்றில் திறவாது. இதைப் பழுதென்று எண்ணிக் கடைக்காரரிடம் பணம் கொடுக்கவேண்டாம். சாய்வை அளக்க அந்தச் சில்லு அவசியமில்லை, வேறு செயலியே போதும்.

பெரியவர்கள் தங்கள் முதுகிலும் இதை வைத்துப் பார்ப்பதாக அறிகிறோம். நாள்தோறும் எட்டு மணி நேரம் குழித்தறியில் குனிந்திருந்தவருக்கு வரும் முதுகு வலியை இச்செயலி அளக்காது. 0 காட்டினாலும் வலி வலியே. வயதான தாய்மார்களுக்கு முன்பக்கமாக விழும் கூன் பெரும்பாலும் எலும்பு தேய்ந்து மெலிவதால் வருவது. அதுவும் பக்கவாட்டுக் கணக்கில் சேராது. எந்த வயதிலாயினும், வாரக்கணக்காக விடாத முதுகு வலியும், மாலையில் காய்ச்சலும், உடல் மெலிவும் சேர்ந்து, முதுகின் ஓரிடத்தில் கூர்மையான மேடு புதிதாகத் தோன்றினால், அது முதுகெலும்பைப் பற்றிய காசநோயாக இருக்கலாம். அதற்குச் செயலியை எடுக்கவே கூடாது. ஆரம்ப சுகாதார நிலையத்தில் காசநோய்ப் பரிசோதனையும் மருந்தும் இலவசம். கால்கள் மரத்துப்போனாலோ, நடை தள்ளாடினாலோ, சிறுநீர் அடங்காமற்போனாலோ அன்றைக்கே ஆஸ்பத்திரிக்குச் செல்லவேண்டும்.

பிள்ளைகளின் கோணலுக்கு நாம் போகவேண்டிய இடம் எலும்பு வைத்தியப் பிரிவு. திண்டுக்கல்லில் 2022 ஜனவரியில் திறந்துவைக்கப்பட்ட அரசு மருத்துவக் கல்லூரியைச் சேர்ந்த ஆஸ்பத்திரி இருக்கிறது. மேல்சிகிச்சை வேண்டின் மதுரையில் அரசு இராசாசி ஆஸ்பத்திரி இருக்கிறது. பள்ளிக்கு வரும் சிறார் நலப் பரிசோதனைக் குழுவினரிடமும் முதலில் காட்டலாம். போகும்போது அளவு எழுதிய நோட்டையும், அளந்த அதே கைப்பேசியையும் கையோடு கொண்டுசெல்வது உத்தமம். முதலமைச்சரின் காப்பீட்டு அட்டை வைத்திருப்போர் அதையும் எடுத்துச் சென்று, ஆஸ்பத்திரியிலுள்ள காப்பீட்டு உதவி மேஜையில் என்னென்ன செலவு அதில் அடங்கும் என்று முதலிலேயே கேட்டுக்கொள்ளலாம்.